குளிர் நாட்டில் கமேலியா: மொட்டு கருகாமல் பூக்க வைப்பது

கேள்வி சுருக்கமாக இதுதான். நியூ ஜெர்சியில் இருக்கும் ஒருவர், கடையில் மொட்டும் பூவுமாக இருந்த சிவப்புக் கமேலியாவை அக்டோபரில் வாங்கி, வாசலுக்குக் கிழக்கே வெயில் படும் இடத்தில் நட்டிருக்கிறார். பெயர்ச்சீட்டில் ‘கமேலியா ஜப்பானிகா’ என்று மட்டுமே இருந்ததாம். மார்ச்சில் இலைகள் பழுப்பாகிவிட்டன, மொட்டுகள் விரியாமலே கொட்டுகின்றன. இந்த ஊர்க் குளிருக்குக் கமேலியா ஒத்துவராதா, ஒத்துவராது என்றால் வேறு எந்தப் பூச்செடி வைக்கலாம் என்று கேட்கிறார்.

முதலில் ஒன்று: செடியைப் பிடுங்கி எறிந்துவிடாதீர்கள். இலை கருகிய கமேலியா பல நேரம் ஜூனுக்குள் துளிர்த்துவிடும். உயிர் இருக்கிறதா என்று பார்க்கும் வழியைக் கீழே சொல்கிறேன்.

கமேலியா உங்கள் ஊரில் வளரும். உங்கள் கேள்வியிலேயே மூன்று தவறுகள் இருக்கின்றன: அக்டோபரில் நட்டது, கிழக்குப் பக்கம் நட்டது, ரகம் தெரியாமல் வாங்கியது. இந்த மூன்றில் ஒன்று மட்டும் நடந்திருந்தால்கூடச் செடி ஓரளவு சமாளித்திருக்கும்.

மேப்பிள் மரம் குளிர் வந்ததும் இலையை உதிர்த்துக் கடையைச் சாத்திவிடுகிறது. கமேலியாவால் அது முடியாது. ஜனவரியிலும் இலை இருக்கிறது, அந்த இலை வெயிலிலும் காற்றிலும் ஈரத்தை விட்டுக்கொண்டே இருக்கிறது. அதே நேரத்தில் மண் ஒரு சாண் ஆழத்துக்கு உறைந்து கிடக்கிறது. வேர் உறிஞ்சத் திரவமாகத் தண்ணீர் இல்லை. மேலே செலவு, கீழே வரவு இல்லை. இலையின் ஓரமும் நுனியும் முதலில் காயும், பிறகு முழு இலையும் தாமிர நிறமாகும். பார்ப்பவர்கள் குளிர் கருக்கிவிட்டது என்பார்கள். பெரும்பாலும் அது தாகம். கருகிய இலைகள் செடியின் எந்தப் பக்கம் இருக்கின்றன என்று பாருங்கள். வெயிலும் காற்றும் படும் பக்கம் மட்டும் கருகி, சுவரை ஒட்டிய பக்கம் பச்சையாக இருந்தால் சந்தேகமே வேண்டாம்.

இந்தச் செடி நமக்கு அந்நியம் இல்லை. தேயிலையும் கமேலியாதான், கமேலியா சினென்சிஸ். நீலகிரியில் டிசம்பர், ஜனவரி உறைபனியில் தேயிலை கருகும் செய்தி ஆண்டுதோறும் வரும். கருகுவது பெரும்பாலும் பள்ளத்தில் இருக்கும் தோட்டம். மேட்டுத் தோட்டம் தப்பிவிடும். குளிர்ந்த காற்று கனமானது. தண்ணீர் போலச் சரிவில் இறங்கித் தாழ்விடத்தில் தேங்கும். ஊட்டி தாவரவியல் பூங்காவில் நாற்றுகளுக்கு மேல் மிலார்ச் செடிகளைப் பரப்பி மூடுவதும், இரவில் நிலத்தின் வெப்பம் வானத்துக்குப் போய்விடாமல் தடுக்கத்தான். நியூ ஜெர்சியின் குளிர் ஊட்டியை விடப் பல மடங்கு கடுமையானது. ஆனாலும் இந்தக் கணக்கு மாறுவதில்லை. வீட்டு மனையில் தண்ணீர் ஓடித் தேங்கும் மூலை எதுவோ, இரவில் குளிரும் அங்கேதான் தேங்கும். அந்த மூலையில் கமேலியா வைக்காதீர்கள்.

இடம் என்று பார்த்தால் வீட்டின் வடக்குப் பக்கம்தான் முதல் தேர்வு. கேட்டதும் ஆச்சரியமாக இருக்கும், குளிரான பக்கம் ஆயிற்றே என்று தோன்றும். வடக்குச் சுவரின் நிழலில் குளிர்கால வெயில் படாது. செடி டிசம்பரில் உறக்கத்துக்குப் போனால் மார்ச் வரை எழுப்பப்படாமல் கிடக்கும். கிழக்குப் பக்கத்தில், இரவு மைனஸ் 12 டிகிரி செல்சியஸில் உறைந்த மொட்டின் மேல் காலை ஏழரை மணிக்கு வெயில் நேராக அடிக்கிறது. உறைந்த திசு வேகமாக உருகும்போது செல்கள் கிழிகின்றன. அதே குளிரில் மெதுவாக உருகிய மொட்டு பிழைக்கும், சட்டென்று உருகியது பழுப்பாகும். தெற்குச் சுவர் இன்னும் மோசம். பிப்ரவரி மதியத்தில் சுவரின் வெப்பம் தண்டை விழிக்க வைத்துவிடும், அன்றிரவே குளிர் இறங்கினால் பட்டை நீளவாக்கில் வெடிக்கும். மேற்குப் பக்கம் பரவாயில்லை. ஆனால் உங்கள் பகுதியில் குளிர்காலக் காற்று வடமேற்கிலிருந்து வருவதால், வேலியோ ஹோலி போன்ற பசுமை மாறாப் புதரோ அந்தப் பக்கம் மறைப்பாக இருக்க வேண்டும்.

ஒரு தவறைப் பலர் செய்கிறார்கள். ‘அரை நிழல்’ என்று படித்துவிட்டு மேப்பிள் மரத்தடியில் நடுவார்கள். கோடையில் நல்ல நிழல்தான். நவம்பரில் இலை கொட்டியதும் அந்த நிழல் காணாமல் போகும், நிழல் மிகவும் வேண்டிய மாதங்களில் செடி வெட்டவெளியில் நிற்கும். மேப்பிளின் மேலாக ஓடும் வேர்களும் கமேலியாவின் தண்ணீரைக் குடித்துவிடும். உயரமான பைன் மரத்தடி கிடைத்தால் அதைப் போன்ற இடம் வேறில்லை: ஆண்டு முழுவதும் சல்லடை நிழல், அமிலத் தன்மையுள்ள மண், உதிரும் ஊசியிலையே மண்ணை மூடிக் காக்கும் மூடாக்கு.

அடுத்தது ரகம். அமெரிக்க வேளாண் துறையின் தாவர வெப்பநிலை மண்டல வரைபடம் 2023-இல் திருத்தப்பட்டது. அதில் நியூ ஜெர்சியின் பெரும்பகுதி 6-பி, 7-ஏ, 7-பி மண்டலங்களில் வருகிறது. 6-பி என்றால் ஆண்டின் மிகக் குறைந்த வெப்பநிலை சராசரியாக மைனஸ் 20.6-க்கும் மைனஸ் 17.8-க்கும் இடையில், 7-ஏ என்றால் மைனஸ் 17.8-க்கும் மைனஸ் 15-க்கும் இடையில். சராசரி என்ற சொல்லைக் கவனியுங்கள். 30 ஆண்டுக் கணக்கின் சராசரி அது. அதைவிடக் கடுமையான இரவுகள் நிச்சயம் வரும்.

செடி தாங்கும் குளிர் வேறு, மொட்டு தாங்கும் குளிர் வேறு. வேர் நன்கு பிடித்த ஜப்பானிகா ரகங்கள் பல, மைனஸ் 15 டிகிரி வரை இலையும் தண்டுமாகத் தப்பிவிடும். அவற்றின் மொட்டுகள் அதற்கு முன்பே செத்திருக்கும். விரிந்த பூவோ மைனஸ் 2, மைனஸ் 3-லேயே பழுப்பாகும். ஆக, ஜனவரி, பிப்ரவரியில் பூக்கும் ரகம் உங்கள் ஊரில் உயிரோடு இருக்குமே தவிர, நல்ல பூவைக் காட்டாது. கடையில் அக்டோபரிலேயே பூத்து நின்ற ஜப்பானிகா, பெரும்பாலும் வெப்பமான மாநிலத்தில் வளர்க்கப்பட்டு லாரியில் வந்ததாக இருக்கும். குளிருக்கு முன்பே பூத்து முடிக்கும் ரகம் வேண்டும். இல்லையென்றால் குளிர் போகும்வரை மொட்டை இறுக மூடி வைத்திருக்கும் ரகம் வேண்டும்.

குளிருக்கு முன் பூக்கும் ரகங்கள் வந்த கதை தெரிந்துகொள்ள வேண்டியது. வாஷிங்டனில் உள்ள அமெரிக்கத் தேசியத் தாவரப் பூங்காவில் பெரிய கமேலியாத் தொகுப்பு இருந்தது. 1970-களின் கடைசியில் அடுத்தடுத்து வந்த கடுங்குளிரில் அதில் பெரும்பகுதி செத்துப்போனது. சேதமே இல்லாமல் நின்றவற்றில் கமேலியா ஓலிஃபெரா இனத்தைச் சேர்ந்த ‘லூ ஷான் ஸ்னோ’ முக்கியமானது. இந்த இனம் சீனாவில் விதை எண்ணெய்க்காகப் பயிரிடப்படுவது. சிறிய வெள்ளைப் பூ, பார்க்க எளிமையானது. வில்லியம் ஆக்கர்மன் என்ற ஆராய்ச்சியாளர் இதை சசான்குவா போன்ற இலையுதிர்காலத்தில் பூக்கும் இனங்களோடு கலந்து புதிய ரகங்களை உருவாக்கினார். ‘வின்டர்ஸ் ஸ்டார்’, ‘வின்டர்ஸ் சார்ம்’, ‘வின்டர்ஸ் ஸ்னோமேன்’, ‘போலார் ஐஸ்’, ‘ஸ்னோ ஃப்ளரி’ எல்லாம் அவர் தந்தவை. அக்டோபரில் தொடங்கி, குளிர் இறுகும்வரை பூக்கும். ‘ஸ்னோ ஃப்ளரி’ மற்றவற்றை விட முந்திப் பூப்பதால் 6-பி மண்டலத்துக்கு அதைத்தான் முதலில் சொல்வேன்.

வசந்தத்தில் பூப்பவற்றுக்கு வட கரோலினாவில் கிளிஃபோர்ட் பார்க்ஸ் என்ற தாவரவியலாளர் தேர்ந்தெடுத்த ‘ஏப்ரல்’ வரிசை இருக்கிறது. ‘ஏப்ரல் ட்ரிஸ்ட்’ சிவப்பு, ‘ஏப்ரல் ஸ்னோ’ வெள்ளை, ‘ஏப்ரல் பிளஷ்’ வெளிர் இளஞ்சிவப்பு, ‘ஏப்ரல் ரிமெம்பர்டு’ பாலாடை நிறத்தில் ரோஜாச் சாயல். இன்னும் கடினமான செடி வேண்டுமென்றால் ‘கொரியன் ஃபயர்’. 1984-இல் கொரியாவின் மேற்குக் கடலோரத் தீவுகளில் சேகரித்த விதையிலிருந்து வந்தது. காட்டுக் கமேலியாவின் வடக்கு எல்லைகளில் அதுவும் ஒன்று. ஒற்றையடுக்குச் சிவப்புப் பூ, நடுவில் மஞ்சள் மகரந்தக் கொத்து. அடுக்குப் பூ விரும்புகிறவர்களுக்கு இது சாதாரணமாகத் தோன்றலாம். எனக்கு அடுக்குப் பூவை விட இதுதான் அழகு. உங்களுக்குச் சிவப்புதான் வேண்டும் என்பதால் இதையோ ‘ஏப்ரல் ட்ரிஸ்ட்’டையோ பாருங்கள்.

இங்கிலாந்தில் இருப்பவர்களுக்கு மட்டும் ஒரு வார்த்தை. அங்கே குளிர் இவ்வளவு கடுமை இல்லை, ஆனால் கோடையில் சூடு போதாது. சசான்குவா வகைகளுக்கு மொட்டு வைக்கச் சூடான கோடை வேண்டும். அங்கு ‘வில்லியம்ஸி’ கலப்பினங்கள், உதாரணமாக ‘டொனேஷன்’, குறைந்த வெயிலிலும் மொட்டு வைக்கும், வாடிய பூவைத் தானே உதிர்த்துவிடும்.

நடும் காலம்: 6, 7-ஆம் மண்டலங்களில் ஏப்ரல் கடைசியிலிருந்து ஜூன் முதல் வாரம் வரை. தெற்கு மாநிலங்களுக்கு எழுதிய குறிப்புகளில் ‘இலையுதிர்காலத்தில் நடவும்’ என்று இருக்கும். அது அந்த ஊருக்குச் சரி. உங்கள் ஊரில் அக்டோபரில் நட்டால் வேர் சட்டியின் மண்ணைத் தாண்டி வெளியே போவதற்குள் நிலம் உறைந்துவிடும். சட்டி மண் பெரும்பாலும் பட்டைத் தூள், சீக்கிரம் காயும். அந்தச் சிறு உருண்டைக்குள் இருக்கும் ஈரம்தான் முழுக் குளிர்காலத்துக்கும் என்றால் எப்படிப் பிழைக்கும்? வாங்கும்போதும் கைக்கடக்கமான சிறு கன்று வேண்டாம். 3 கேலன் சட்டியில் இருக்கும், தண்டு பென்சிலை விடத் தடித்த செடியாக வாங்குங்கள்.

நடுவதற்கு முன் வடிகால் பாருங்கள். ஓரடி ஆழக் குழியில் தண்ணீர் நிரப்பி வடிய விட்டு, மறுபடி நிரப்புங்கள். மணிக்கு ஓர் அங்குலமாவது இறங்க வேண்டும். இறங்கவில்லை என்றால் அங்கே குழி தோண்டி நடுவது கிணற்றில் நடுவதற்குச் சமம். வேரழுகல் பூஞ்சை ஈரக் களிமண்ணில்தான் வரும், வந்தால் மருந்தில்லை. அப்படிப்பட்ட இடத்தில் 20 முதல் 30 சென்டிமீட்டர் மேடு கட்டி அதன்மேல் நடுங்கள். வடிகால் நன்றாக இருந்தால், வேருருண்டையின் அகலத்தைப் போல இரண்டரை மடங்கு அகலக் குழி போதும். ஆழம் வேருருண்டையின் உயரத்தை விட 3 முதல் 5 சென்டிமீட்டர் குறைவாக இருக்கட்டும். உருண்டையின் மேல்பகுதி தரைமட்டத்துக்குக் கொஞ்சம் மேலே தெரிய வேண்டும். மண் இறங்கும்போது சரியாகிவிடும். ஆழமாகப் புதைத்த கமேலியா உடனே சாகாது. இரண்டு மூன்று ஆண்டுகள் வளராமல் நின்று, இலை வெளிறி, பிறகுதான் போகும். காரணத்தைத் தேடும்போது யாருக்கும் நட்ட நாள் நினைவுக்கு வராது.

சட்டியிலிருந்து எடுத்ததும் வேர் வட்டமாகச் சுற்றியிருந்தால் கத்தியால் பக்கவாட்டில் நான்கு இடத்தில் மேலிருந்து கீழாக ஓர் அங்குல ஆழம் கீறுங்கள். தயக்கம் வேண்டாம், கீறாத வேர் சட்டி வடிவிலேயே சுற்றிக்கொண்டிருக்கும். எடுத்த மண்ணோடு மட்கிய பைன் பட்டைத் தூளை மூன்றில் ஒரு பங்கு கலந்து நிரப்புங்கள். குழிக்குள் உரம் போடாதீர்கள். மேலே பைன் ஊசியிலையோ பட்டைத் தூளோ 5 முதல் 8 சென்டிமீட்டர் மூடாக்கு, தண்டிலிருந்து நான்கு விரல் தள்ளி. தண்டை ஒட்டி மூடாக்கைக் குவித்தால் பட்டை அழுகும், எலி கடிக்கும்.

மண்ணின் பி.எச். (அமில, கார அளவு) 5.5-லிருந்து 6.5-க்குள் இருக்க வேண்டும். ஊகிக்காமல் சோதித்துப் பாருங்கள். நியூ ஜெர்சியில் ரட்கர்ஸ் பல்கலைக்கழக மண் ஆய்வகம் அனுப்பும் மண்ணைச் சோதித்துத் தரும். வீட்டு அஸ்திவாரத்தை ஒட்டி நட்டால் கான்கிரீட்டிலிருந்து கசியும் சுண்ணாம்பு பி.எச்.-ஐ உயர்த்தும். நரம்பு பச்சையாகவும் நடுவே மஞ்சளாகவும் புதிய இலை வந்தால் அதுதான் காரணம்: இரும்புச் சத்து மண்ணில் இருந்தும் செடியால் எடுக்க முடியவில்லை. சுவரிலிருந்து மூன்று நான்கு அடி தள்ளி நட்டால் இதுவும் வராது, கூரை விளிம்பு மழையை மறைக்கும் சிக்கலும் வராது.

முதல் கோடையில் மழை இல்லாத வாரங்களில் வாரம் இரண்டு முறை, ஒரு தடவைக்கு 8 முதல் 10 லிட்டர், மெதுவாக. ஜூலை, ஆகஸ்டில் இதைத் தவறவிடாதீர்கள். அடுத்த பூவுக்கான மொட்டு அப்போதுதான் உருவாகிறது. கிளை நுனியில் பாருங்கள்: உருண்டையாகப் பருத்திருப்பது பூ மொட்டு, ஒல்லியாகக் கூராக இருப்பது இலைத் துளிர். ஆகஸ்டில் செடி காய்ந்துவிட்டால் மொட்டு அப்போது விழாது. பல மாதம் கழித்துக் காரணம் புரியாதபடி விழும்.

உரம் முதல் ஆண்டு வேண்டவே வேண்டாம். அடுத்த ஆண்டிலிருந்து அசேலியாச் செடிகளுக்கென்று விற்கும் அமில உரத்தை ஏப்ரலில் ஒரு தடவை, ஜூன் தொடக்கத்தில் அதில் பாதி. ஜூலைக்குப் பிறகு ஒரு பிடிகூடப் போடாதீர்கள். ஆகஸ்ட் கடைசியில் பகல் நன்றாகக் குறைந்ததும் செடி குளிருக்குத் தயாராகிறது: வளர்ச்சியை நிறுத்தி, தண்டை முற்றவிட்டு, செல்லுக்குள் சர்க்கரையைச் சேர்க்கிறது. அந்த நேரத்தில் தழைச்சத்து கொடுத்தால் இளந்தளிர் விட்டுவிடும். ஜனவரியில் வரும் மைனஸ் 15-ஐ விட, தயாராகாத செடிமேல் நவம்பரில் திடீரென்று இறங்கும் மைனஸ் 8 அதிகச் சேதம் செய்யும்.

முதல் இரண்டு குளிர்காலம் மறைப்பு கட்ட வேண்டும். நவம்பர் கடைசியில் வரும் நன்றி நவிலல் விடுமுறை வாக்கில், தரை உறைவதற்கு முன் ஒரு நாள் 15 லிட்டர் தண்ணீர் நிதானமாக விடுங்கள். செடியைச் சுற்றி ஓரடி தள்ளி நான்கு குச்சி நட்டு, கோணிச் சாக்குத் துணியைச் சுற்றிக் கட்டுங்கள், மேலே திறந்தே இருக்கட்டும். துணி இலையைத் தொட்டால் அங்கே ஈரம் உறைந்து கருகும். பிளாஸ்டிக் தாளைச் சுற்றவே கூடாது. வெயில் நாளில் உள்ளே அடுப்பாகிவிடும், இரவில் மறுபடி உறையும். இலையில் தெளிக்கும் மெழுகுப் பூச்சு கடைகளில் கிடைக்கும். அது கொஞ்சம் உதவலாம், மறைப்புக்கு மாற்றாகாது. ஈரப் பனி கிளையில் கனத்தால் கையால் கீழிருந்து மெல்லத் தூக்கி உதறுங்கள். பனிக்கட்டியாக உறைந்திருந்தால் தொடாதீர்கள், கிளையோடு முறியும்.

பனி செடிக்கு எதிரி என்று நினைக்க வேண்டாம். ஜப்பானில் நீகாட்டா மாகாணத்தின் மரம் ‘யுகித்சுபாக்கி’, பனிக் கமேலியா. ஆளுயரப் பனி விழும் மலைகளில் அதன் வளையும் கிளைகள் பனிக்கடியில் தரையோடு படுத்துவிடும். வெளியே எவ்வளவு குளிரடித்தாலும் பனிக்கடியில் பூஜ்ஜியத்தை ஒட்டியே இருக்கும்; வெயிலும் இல்லை, காற்றும் இல்லை. வசந்தத்தில் பனி உருகியதும் எழுந்து பூக்கும். அதையே பனி விழாத, காய்ந்த குளிர் அடிக்கும் இடத்தில் வைத்தால் சாதாரண ஜப்பானிகாவை விட அதிகமாக ஒன்றும் தாங்காது.

ஜெர்மனியில் டிரெஸ்டன் அருகே பில்னிட்ஸ் அரண்மனைத் தோட்டத்தில் 1801-இல் நட்ட கமேலியா இன்றும் இருக்கிறது, கிட்டத்தட்ட 9 மீட்டர் உயரம். 1905 ஜனவரியில் அதன் மரக் கொட்டகை தீப்பிடித்தது. வெளியே மைனஸ் 20 டிகிரி. தீயணைக்க அடித்த தண்ணீர் செடிமேல் உறைந்து கவசம் போல நின்றது. அந்த ஆண்டே செடி மறுபடி துளிர்த்தது. 1992-லிருந்து தண்டவாளத்தில் நகரும் 54 டன் கண்ணாடி வீட்டைக் குளிர்காலத்தில் அதன்மேல் தள்ளிவிடுகிறார்கள். உள்ளே வைத்திருக்கும் வெப்பம் வெறும் 4 முதல் 6 டிகிரி.

சட்டியில் வளர்ப்பவர்களுக்கு அந்த 4 முதல் 6 டிகிரிதான் பாடம். வேர் இலையை விடக் குளிருக்குப் பயந்தது. நிலத்தில் மண்ணின் வெப்பம் காப்பாற்றும். சட்டியில் நான்கு பக்கமும் காற்று, மைனஸ் 5, 6 டிகிரிக்கெல்லாம் வேர் சாகத் தொடங்கும். டிசம்பரில் சூடாக்காத கராஜுக்கு நகர்த்துங்கள், 0 முதல் 7 டிகிரி இருந்தால் சரி. இரண்டு வாரத்துக்கு ஒருமுறை மண்ணைத் தொட்டுப் பார்த்துத் தண்ணீர் விடுங்கள். பாவம் குளிருகிறது என்று 21 டிகிரி வரவேற்பறைக்குள் கொண்டுவந்தால், காய்ந்த சூட்டில் ஒரே வாரத்தில் அத்தனை மொட்டும் தரையில் கிடக்கும்.

இனி மொட்டு உதிர்வதற்கு வருவோம். விழுந்த மொட்டை எடுத்து நகத்தால் நடுவே பிளந்து பாருங்கள். வெளிச் செதில் பச்சையாக இருந்து உள்ளே இதழும் மகரந்தமும் காப்பித்தூள் நிறமாக இருந்தால் குளிர் கொன்றது. உள்ளே வெளுப்பாகவே இருந்து காம்படி மட்டும் காய்ந்திருந்தால் தண்ணீர்த் தட்டுப்பாடு, அல்லது நீர் தேங்கி வேர் மூச்சுத் திணறியது. ஒரே நுனியில் மூன்று நான்கு மொட்டு நெருக்கியடித்திருந்தால் செடியே சிலவற்றைத் தள்ளிவிடும். செப்டம்பரில் நுனிக்கு ஒன்று, இரண்டு விட்டு மீதியை நீங்களே திருகி எடுத்துவிட்டால் பூ பெரிதாக வரும்.

விரிந்த பூ பழுப்பானால் உறைபனியா, இதழ்க்கருகல் நோயா என்று பிரித்தறிய வேண்டும். உறைபனி என்றால் வெளி இதழ்களின் விளிம்பு ஒரே சீராகப் பழுப்பாகும். நோய் என்றால் சிறு புள்ளியாகத் தொடங்கி இதழின் நரம்பு வழியே வலை போலப் பரவும். பூவைப் பறித்து அடியைப் பார்த்தால் வெண்சாம்பல் வளையம் தெரியும். பூஞ்சையின் கறுத்த உறக்கக் கட்டிகள் மண்ணில் ஆண்டுக்கணக்கில் கிடக்கும். வாடிய பூக்களைப் பொறுக்கிக் குப்பையில் போடுங்கள், மட்குக் குழியில் வேண்டாம். இது வசந்தத்தில் பூப்பவற்றைத்தான் தாக்கும். அக்டோபரில் பூக்கும் ரகங்களுக்குத் தொல்லை இல்லை.

இலையின் மேலே மஞ்சள் திட்டு, திருப்பிப் பார்த்தால் பஞ்சு ஒட்டியது போல வெள்ளை: அது செதில் பூச்சி. தோட்டக்கலை எண்ணெயை லிட்டருக்கு 20 மில்லி கலந்து, இலையின் அடிப்பக்கம் நனையும்படி வசந்தத்தில் பூ முடிந்ததும் தெளியுங்கள், இரண்டு வாரம் கழித்து மறுபடி. உறைபனி வரும் நாளிலும் கடும் வெயிலிலும் தெளிக்கக் கூடாது. செத்த பூச்சியும் இலையில் ஒட்டிக்கொண்டே இருக்கும். மருந்து வேலை செய்ததா என்பதைப் பழைய இலையில் தேடாமல் புதுத் துளிரில் பாருங்கள். மான் நடமாடும் ஊர் என்றால் குளிர்காலத்தில் வலையும் வேண்டும்.

வேறு பூச்செடிகள் பற்றிக் கேட்டீர்கள். எதை வாங்கினாலும் அது பழைய கொம்பில் பூக்குமா, புதுக் கொம்பில் பூக்குமா என்று கேட்டு வாங்குங்கள். பெரிய உருண்டைப் பூக்கொத்து வைக்கும் நீல ஹைட்ரேஞ்சியா போன ஆண்டுக் கொம்பில் மொட்டை வைத்துக்கொண்டு குளிரைக் கடக்கிறது. மொட்டு கருகினால் அந்த ஆண்டு வெறும் இலைதான். கூம்புக் கொத்து வைக்கும் பானிகுலாட்டா வகை வசந்தத்தில் விடும் புதுக் கொம்பில் பூப்பதால் மைனஸ் 30 இருந்தாலும் கோடையில் தவறாது. ரோடோடென்ட்ரான் கமேலியாவின் இடத்திலேயே, அதே அமில மண்ணில் வரும். நீலகிரிச் சோலைகளில் சிவப்பாகப் பூக்கும் காட்டுப் பூவரசின் உறவு. கடுங்குளிரில் அதன் இலை பென்சில் போலச் சுருண்டு தொங்கும். பயப்பட வேண்டாம், குளிர் தணிந்ததும் விரித்துக்கொள்ளும். பிப்ரவரியிலேயே பூ வேண்டும் என்றால் விட்ச் ஹேசல்: பாஸ்டனின் ஆர்னால்டு தாவரப் பூங்காவில் உருவான ‘ஆர்னால்டு பிராமிஸ்’ மஞ்சள் நாடா போன்ற இதழ்களைக் குளிரில் சுருட்டிக்கொண்டு, வெயில் வந்ததும் நீட்டும். அதனடியில் ஹெல்லிபோர் நட்டால் மார்ச்சில் தரையும் பூத்திருக்கும். பியோனிக்குக் குளிர் தேவை. கிழங்கின் முளைக்கண் 5 சென்டிமீட்டருக்கு மேல் ஆழம் போனால் மட்டும் பூக்காது. குளிர்கால மல்லிகை என்று விற்கும் மஞ்சள் பூவில் வாசம் கிடையாது. மல்லி மணத்தை நினைத்து வாங்கி ஏமாற வேண்டாம்.

கடைசியாக உங்கள் செடி. இப்போது ஒரு கிளையில் பட்டையை நகத்தால் லேசாகச் சுரண்டுங்கள். அடியில் பச்சையும் ஈரமும் தெரிந்தால் உயிர் இருக்கிறது. நுனியில் பழுப்பாக இருந்தால் ஒரு சாண் கீழே சுரண்டுங்கள், அங்கும் இல்லையென்றால் அடித்தண்டில். இலை முழுதும் உதிர்ந்தாலும் தண்டில் பச்சை இருந்தால் மே கடைசியில் கணுக்களிலிருந்து துளிர் வரும். வந்த பிறகு, ஜூனில், துளிர் எங்கே நிற்கிறதோ அதற்கு ஒரு விரற்கடை மேலே வெட்டுங்கள். இப்போதே வெட்டினால் உயிருள்ள கொம்பையும் சேர்த்து வெட்டுவீர்கள்.

அக்டோபரில் நட்டதால் வேர் இன்னும் சட்டி அளவிலேயே இருக்கும். அது உங்களுக்கு நல்லதாகப் போயிற்று. ஏப்ரலில் மண் இளகியதும் உருண்டை குலையாமல் மண்வெட்டியால் அகழ்ந்தெடுத்து, சுற்றியிருக்கும் வேரைக் கீறி, வடக்குப் பக்கம் சுவரிலிருந்து நான்கு அடி தள்ளி நடுங்கள். இந்த ஆண்டு உரம் போட வேண்டாம். தண்ணீரும் மூடாக்கும் போதும். அது எந்த ரகம் என்று தெரியாததால், அதே பக்கத்தில் ஆறடி இடைவெளி விட்டு ஒரு ‘கொரியன் ஃபயர்’ செடியையும் மே மாதத்தில் வைத்துவிடுங்கள்.